பொம்பரிப்புத் தாழிக்காடு: ஒருநாட் பயணத்தின் பயன்

பழைய நாகரிகங்களின் சிதைவுகளைக் காணச் செல்வோர், கண்ணுக்குப் பெரியனவாய் நிமிர்ந்து நிற்பவற்றையே பெரிதும் நாடுவர். மெக்சிக்கோ நாட்டின் யுகத்தான் குடாநாட்டிலே, மாயர் என்னும் பழங்குடியினர் எழுப்பிய சிச்சென் இட்சா நகரத்தைக் காண ஆண்டுதோறும் பல்லாயிரவர் ஒருநாட் பயணமாகச் செல்கின்றனர். அங்குள்ள பெரும்படிக் கோபுரத்துக்கு நான்கு பக்கத்தும் பக்கத்துக்குத் தொண்ணூற்றொரு படிகள். உச்சி மேடையையும் ஒரு படியெனக் கூட்டின் 365 ஆகும். இரவும் பகலும் ஒத்திருக்கும் காலத்தில் மாலை வெயில் படிக்கட்டின் ஓரத்திலே பாம்பு நெளிவது போன்ற நிழலை வீழ்த்துகின்றது. அத்தகைய இடத்திலே வழிகாட்டுவோன் பாதி பேசினால், மீதியைக் கல்லே பேசிவிடும்.

கல் எதுவும் பேசாத இடங்களும் உள. அங்கே மண்ணின் மேல் கோபுரமில்லை, தூணில்லை, படியுமில்லை. காண வேண்டியவை யாவும் மண்ணுள்ளே அடங்கிக் கிடக்கின்றன. அவ்விடங்களிலே வழிகாட்டுவோன் கூறுவதே காட்சியாகின்றது. அவன் உண்மை கூறின் வந்தவர் உண்மையைக் கண்டு திரும்புவர். கதை கூறின் கதையைக் கண்டு திரும்புவர். புத்தளம் மாவட்டத்துக் கடற்கரைப் பகுதியில் உள்ள பொம்பரிப்புத் தாழிக்காடு அத்தகைய இடங்களுள் ஒன்று. அங்கு ஒருநாளிற் சென்று மீள்வது எங்ஙனம், அங்கே காணத்தக்கன யாவை, கண்டவற்றிலிருந்து எவ்வளவு தூரம் துணிந்து கூறலாம் என்பனவற்றை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

வழி

பயணம் புத்தளம் நகரிலே தொடங்குவது பொருத்தமுடையது. வழிகாட்டியோடு செல்லும் பயணம் என்பது இந்நகருக்குப் புதியதன்று. 1344ஆம் ஆண்டில் மொரோக்கோ நாட்டுப் பயணி இப்னு பதூதா வந்திறங்கிய ‘பத்தாலா’ என்னும் பட்டினம் புத்தளமே என்பது அறிஞர் கருத்து. அங்கே அவரை வரவேற்ற அரசனை ஆரியச் சக்கரவர்த்தி என்று அவர் குறித்துள்ளார். பாவாத மலையைக் காண விரும்புவதாக அவர் கூற, அரசன் ஆண்டுதோறும் அம்மலைக்குச் செல்லும் யோகியர் நால்வரையும், பிராமணர் மூவரையும், தன் ஆட்கள் பதின்மரையும், உணவுப் பொருள் சுமப்போர் பதினைவரையும் துணையாக அனுப்பினான் என்று அவருடைய பயண நூல் கூறுகின்றது. ஒரு முஸ்லிம் பயணிக்குச் சைவ யோகியர் வழிகாட்டினர். அவர் சென்று கண்ட அடிச்சுவட்டைப் பௌத்தரும் இந்துக்களும் முஸ்லிம்களும் தத்தம் முறையிலே போற்றி வந்தனர். இக்கரையின் இயல்பை இதனினும் தெளிவாகக் காட்டும் செய்தி அரிது.

நகரினின்றும் வடக்கே மன்னாரை நோக்கிச் செல்லும் பழைய பாதை வண்ணாத்திவில்லு, எழுவன்குளம் ஆகிய ஊர்களைக் கடந்து செல்கின்றது. எழுவன்குளத்துக்கு அப்பால் கலா ஓயா குறுக்கிடுகின்றது. அனுராதபுரத்துக்குத் தெற்கே, ஐந்தாம் நூற்றாண்டிலே தாதுசேன மன்னன் கட்டிய கலாவாவியின் நீரைத் தாங்கி வரும் ஆறு இதுவே. வடகீழ்ப் பருவமழை பெய்யும் மாதங்களில் ஆற்றுக்குக் குறுக்கேயுள்ள தாழ்ந்த பாதை வெள்ளத்துள் மூழ்கிவிடுமாதலின், பயணம் செய்வோர் மே முதல் செப்ரெம்பர் வரையுள்ள வறண்ட காலத்தைத் தேர்ந்துகொள்ளுதல் நன்று.

ஆற்றைக் கடந்ததும் வில்பத்து வனம் தொடங்குகின்றது. மழைநீர் தேங்கி நிற்கும் இயற்கைப் பள்ளங்களை ‘வில்லு’ என்பது இப்பகுதி வழக்கு. அவை நிறைந்தமையால் இவ்வனம் இப்பெயர் பெற்றது என்பர். 1938ஆம் ஆண்டிலே தேசிய வனமாக்கப்பட்ட இது, உள்நாட்டுப் போர் காரணமாக 1988இல் மூடப்பட்டு 2003இல் திறக்கப்பட்டது. 2006இல் மீண்டும் மூடப்பட்டு 2010இல் மறுபடியும் திறக்கப்பட்டது. ஒரு தலைமுறை மாணவர் இவ்விடத்தைப் பாடநூலிலன்றி வேறெங்கும் காணவியலாது போயினர் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.

வனத்துள் விரும்பியவாறு நடந்து திரிதல் ஆகாது. யானையும் கரடியும் சிறுத்தையும் உலவும் காடாதலின், குறித்த இடங்களிலன்றி வண்டியை விட்டு இறங்குவதற்கு இடமில்லை. கல்லூரி மாணவர் கூட்டமாகச் செல்வதாயின், வனசீவராசிகள் திணைக்களத்தாரிடமும் தொல்பொருளியல் திணைக்களத்தாரிடமும் முன்னரே எழுதி அனுமதி பெற்று, அவர்தம் அலுவலர் ஒருவரின் துணையோடு செல்வதே முறை. விடியற்காலையிற் புறப்பட்டால் வெயில் ஏறுமுன் தாழிக்காட்டை அடையலாம். நண்பகலுக்குப் பின் வடக்கே குதிரைமலைக் கடற்கரைக்குச் சென்று, மாலைக்குள் திரும்பிவிடலாம்.

தாழிக்காடு

பொம்பரிப்பு புத்தளத்துக்கு வடக்கே ஏறத்தாழ இருபது மைல் தொலைவில், கலா ஓயாவுக்கும் மோதரகம் ஆற்றுக்கும் இடைப்பட்ட நிலத்தில் உள்ளது. பொன்பரப்பி என்று வழங்குவாரும் உளர். அங்கு சென்று இறங்குவோர் முதலிற் காண்பது ஏமாற்றமே. செம்மண் நிலம், முட்செடி, இடையிடையே ஓட்டுத் துண்டுகள் என்பனவன்றி வேறொன்றும் புலப்படாது. ஆயினும் அம்மண்ணின் கீழே, சில ஏக்கர் பரப்பினுள், ஆயிரக்கணக்கான ஈமத்தாழிகள் புதைந்துள்ளன. அவற்றின் தொகை எண்ணாயிரம் வரை இருக்கலாமென மதிப்பிட்டுள்ளனர். இலங்கையில் இதுவரை அறியப்பட்ட தாழிப் புதைகாடுகளுள் இதுவே தலைசிறந்தது.

தாழி என்பது இறந்தோர் எலும்புகளை இடுவதற்கென வனைந்த பெரும் மட்கலம். தமிழ்நாட்டார் இதனை முதுமக்கட்டாழி என்பர். இறுகிய மண்ணைக் குடைந்து குழி செய்து, தாழியை அதனுள் நிறுத்தி, எலும்புகளையும் சிறு கலங்களையும் உள்ளேயும் அருகேயும் வைத்து, வாயைப் பிறிதொரு கலத்தால் மூடி மண்ணிட்டனர். பொம்பரிப்பில் எடுக்கப்பட்ட தாழிகளிற் பலவற்றுள் முழு உடல் இல்லை. தெரிந்தெடுத்த எலும்புகளே இருந்தன. ஒரே தாழியில் ஒருவருக்கு மேற்பட்டோரின் எலும்புகளும் காணப்பட்டன. உடலை முதலில் வேறோரிடத்தில் இட்டு, தசை அழிந்த பின்னர் எலும்புகளைத் திரட்டித் தாழியிலிட்டனர் என்று இதனாற் கொள்ளலாம். அறிஞர் இதனை இரண்டாந்தர அடக்கம் என்பர். தாழி ஒன்றினுள் அடங்கியோர் ஒரு குடும்பத்தவராயிருத்தல் கூடும். ஆனால் அது கருத்தேயன்றிக் கண்டதன்று.

எலும்புகளோடு கிடைத்த கலங்களுட் குறிப்பிடத்தக்கன கருஞ்செந்நிறக் கலங்கள். இவற்றின் உட்புறமும் வாய்விளிம்பும் கறுத்தும், வெளிப்புறத்தின் கீழ்ப்பாகம் சிவந்தும் இருக்கும். கலத்தைக் கவிழ்த்துச் சூளையிலிட்டால், காற்றுப் படாத உட்புறம் கறுக்கும். காற்றுப் படும் வெளிப்புறம் மண்ணிலுள்ள இரும்பின் காரணமாகச் சிவக்கும். குயவர் தொழிலறிந்த ஊரிலே இதனை மாணவர்க்கு எளிதில் விளக்கலாம். இவையன்றி வெண்கலப் பொருள்களும் மணிகளும் கிடைத்துள்ளன. கண்ணுக்கு மை தீட்டும் சிறு கோல்களும் அவற்றுள் அடங்கும். இறந்தவரோடு மைக்கோலை வைத்தவர்கள் அவரை எலும்பாக மாத்திரம் கருதவில்லை என்பது தெளிவு.

தாழியிற் கவிக்கும் வழக்கத்தைச் சங்கப் புலவரும் அறிவர். புறநானூற்றின் 228ஆம் பாட்டிலே, சோழன் குளமுற்றத்துத் துஞ்சிய கிள்ளிவளவன் இறந்தமைக்கு இரங்கிய ஐயூர் முடவனார், அத்துணைப் பெரிய வேந்தனுக்குத் தாழி வனைய எங்ஙனம் இயலும் எனக் குயவனை நோக்கி வினவுகின்றார். 256ஆம் பாட்டிலே, தலைவனை இழந்த ஒருத்தி தனக்கும் இடமிருக்கத்தக்கதாக அகன்ற தாழி ஒன்றை வனையுமாறு குயவனை வேண்டுகின்றாள். ஒரு தாழியுள் இருவர் எலும்பைக் காண்போர்க்கு இப்பாட்டு நினைவுக்கு வருதல் இயல்பே. எனினும், பாட்டு இக்கரையைப் பற்றியதன்று; தாழியும் அப்பாட்டின் காலத்துக்கு முற்பட்டதாயிருத்தல் கூடும். இரண்டையும் அருகருகே வைத்துக் காணலாம். ஒன்றை மற்றொன்றற்குச் சான்றாக்குதல் ஆகாது.

ஆராய்ந்தோர்

இவ்விடத்தை ஆராய்ச்சி உலகுக்கு அறிமுகப்படுத்தியவர் அக்காலத் தொல்பொருளாணையாளர் ஏ. எம். ஹோகார்ட் ஆவர். 1924ஆம் ஆண்டிலே அவர் இங்கு அகழ்ந்து தாழிகளைக் கண்டார். பின்னர் 1950களின் நடுவிலே மீண்டும் அகழ்வுகள் நடைபெற்றன. 1970ஆம் ஆண்டில் அமெரிக்கப் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த விமலா பெக்லி, தொல்பொருளியல் திணைக்களத்தாரோடு கூடிப் புதிய முறைகளைக் கையாண்டு ஆராய்ந்தார். அதே ஆண்டில் அப்பல்கலைக்கழகத்தார் யாழ்ப்பாணத்துக் கந்தரோடையிலும் அகழ்வு நடத்தினர். ஈழத்துப் பெருங்கற்காலப் பண்பாட்டைப் பற்றிப் பேராசிரியர் சி. க. சிற்றம்பலம் எழுதிய ஆராய்ச்சியேடு 1980இல் பூனாவிலே கலாநிதிப் பட்டத்துக்காக அளிக்கப்பட்டது.

பெருங்கற்காலம் என்னும் பெயர் இங்கே சிறிது மயக்கம் தருவது. பொம்பரிப்பிலே பெருங்கல் ஒன்றுமில்லை. இறந்தோரைக் கற்பதுக்கையிலும் கல்வட்டத்திலும் அடக்கிய மக்களும், தாழியில் அடக்கிய மக்களும் ஒத்த கலங்களையும் இரும்புக் கருவிகளையும் கையாண்டமையால், அவ்வழக்கங்கள் யாவும் ஒரே பெயராற் குறிக்கப்படுகின்றன. இலங்கையின் உள்நாட்டிலே, தம்புள்ளைக்கு அண்மையிலுள்ள இப்பன்கட்டுவவிற் கற்பதுக்கைகள் உள்ளன. மேற்குக் கரையிலோ தாழிகள். காலத்தால் இவை கி.மு. முதலாம் ஆயிரத்தாண்டைச் சேர்ந்தன. இதனை மாணவர்க்கு எடுத்துரையாவிடின், அவர் செம்மண்ணிலே பெருங்கல்லைத் தேடிக் களைத்துப் போவர்.

பொம்பரிப்போடு ஒப்பிடத்தக்க இடம் மன்னார்க் குடாவுக்கு அக்கரையில் உள்ளது. அது திருநெல்வேலிச் சீமையில், தாமிரபரணிக் கரையிலுள்ள ஆதிச்சநல்லூர். செருமானியராகிய யாகோர் 1876இலும், அலெக்சாந்தர் ரீ 1899 முதல் 1905 வரையும் அங்கு அகழ்ந்து தாழிகளையும் வெண்கலக் கலங்களையும் பொன்னாலாய நெற்றிப் பட்டங்களையும் எடுத்தனர். 2004-2005இல் இந்தியத் தொல்பொருளாய்வுத் துறையினர் மீண்டும் அகழ்ந்தபோது நூற்றறுபதுக்கு மேற்பட்ட தாழிகள் வெளிப்பட்டன. 2023ஆம் ஆண்டு முதல், அகழ்ந்த குழியின் மேல் கண்ணாடித் தளமிட்டு, தாழிகள் மண்ணில் இருந்த இருப்பிலேயே காண வழி செய்துள்ளனர். பொம்பரிப்பு செல்வோர் புறப்படுமுன் அத்தாழிகளின் படத்தையாயினும் பார்த்துச் செல்வாராயின், வெறுஞ்செம்மண்ணின் கீழே என்ன கிடக்கின்றது என்பது மனக்கண்ணுக்குத் தோன்றும்.

இரு கரைகளையும் இணைப்பது தாழி மாத்திரமன்று, பெயரும் ஒன்று. விசயனும் அவன் தோழரும் வந்திறங்கிய இடத்துக்குத் தம்பபண்ணி என்னும் பெயர் வந்தமைக்கு மகாவம்சம் ஒரு காரணம் கூறுகின்றது: களைத்து மண்ணில் கையூன்றியவர்களின் கைகள் செம்பு நிறமாயின என்பதாம். ஆதிச்சநல்லூரோ தாமிரபரணி ஆற்றங்கரையில் உள்ளது. இவ்விரு பெயரும் ஒன்றே என்பது வெளிப்படை. எக்கரையிலிருந்து எக்கரைக்கு அப்பெயர் சென்றது என்பதைப் பெயர் மாத்திரம் கூறாது.

யாருடைய தாழிகள்?

தாழிக்காட்டிலே நிற்கும் மாணவன் ஒருவன் தவறாது கேட்கும் வினா இது: ‘இங்கே அடக்கப்பட்டோர் யாவர்? தமிழரா, சிங்களவரா?’ பயணத்தின் பயன் முழுவதும் இவ்வினாவுக்கு அளிக்கப்படும் விடையிலே தங்கியுள்ளது. வழிகாட்டுவோன் தன் இனத்தின் பெயரைச் சொல்லி முடித்துவிடின், கேட்டோர் மகிழ்ந்தோ சினந்தோ திரும்புவர், அறிந்து திரும்பார். இந்நாட்டிலே பழம்பொருள் கிடைத்த நிலம் ஒவ்வொன்றும் இன்னார்க்கு உரியது என்னும் வழக்குக்குச் சான்றாக இழுக்கப்பட்டுள்ளது. அவ்வழக்கிலே முதலில் தோற்பது உண்மையே.

சான்றுகள் கூறுவது யாது? கலமும் அடக்க முறையும் தென்னிந்தியாவோடு, சிறப்பாகத் தாமிரபரணிக் கரையோடு, நெருங்கிய தொடர்பு காட்டுகின்றன. இதனை மறுப்பது சான்றை மறைப்பதாகும். ஆனால் கலம் மொழி பேசாது. எலும்பும் தான் பேசிய மொழி இன்னதென்று கூறாது. இம்மக்கள் பேசிய மொழி எது என்று உரைக்கும் கல்வெட்டு இத்தாழிக்காட்டிலே கிடைத்ததில்லை. யாழ்ப்பாணத்து ஆனைக்கோட்டையில் 1980ஆம் ஆண்டு ஈமக்குழியொன்றில் பிராமி எழுத்துக்கள் பொறித்த முத்திரை கிடைத்தது. அங்கே மொழியைப் பற்றி ஆராய இடமுண்டு. பொம்பரிப்பில் அவ்வாய்ப்பு இல்லை.

இன்னும் ஒன்று கருதத்தக்கது. இத்தாழிகள் புதைக்கப்பட்ட காலத்திலே இன்றைய தமிழர், சிங்களவர் என்னும் இனப்பிரிவுகள் இன்றுள்ள வடிவிலே இருந்தன எனக் கொள்வதற்கு ஆதாரமில்லை. பேராசிரியர் கா. இந்திரபாலா 2005இல் வெளியிட்ட ஆங்கில நூலில், இலங்கைத் தமிழரும் சிங்களவரும் ஆகிய இரு சாராருக்கும் இப்பழைய மக்கள் பொது முன்னோராவர் என்னும் கருத்தை விரித்துரைத்துள்ளார். அவ்வாறாயின், தாழிக்காட்டுக்கு வரும் சிங்கள மாணவனும் தமிழ் மாணவனும் தத்தம் மூதாதையரின் புதைகாட்டிலேயே நிற்கின்றனர். ஒருவன் மற்றவனை அங்கே அயலான் என்று அழைப்பதற்குத் தாழிகள் இடந்தரவில்லை.

குதிரைமலை

பொம்பரிப்புக்கு வடக்கே, கடலை நோக்கி நீண்டு நிற்கும் செம்மண் முனை குதிரைமலையாகும். நீலக்கடலின் ஓரத்திலே செம்பு நிறமான மண்மேடு நிற்கும் காட்சி கண்டோர் மனத்தை விட்டு அகலாது. மணற்றுகளின் மேல் இரும்புத் துருவின் படலம் மூடியிருப்பதே அந்நிறத்துக்குக் காரணம். தம்பபண்ணி இதுவே என்று வழிகாட்டுவோர் கூறுவர். குவேனியின் மாளிகை என்று வில்பத்துக் காட்டினுள்ளே ஓர் இடிபாட்டையும் சுட்டுவர். அல்லியரசாணி இங்கிருந்து முத்துக்குளிப்பை ஆண்டாள் என்பதும் வழங்கி வரும் கதை. இவை கேட்கத்தக்க கதைகள். ஓர் ஊரார் தம் மண்ணை எவ்வாறு எண்ணி வந்தனர் என்பதற்கு அவையும் சான்றாம். ஆனால் தாழியைத் தொட்டுப் பேசிய அதே குரலில் குவேனியையும் பேசுவது பிழை.

உரோமரோடு கொண்ட தொடர்பைப் பற்றிய செய்தி இடைப்பட்டது. செங்கடல் வரியைக் குத்தகைக்கு எடுத்த அன்னியஸ் புளோகாமஸ் என்பானின் விடுதலை பெற்ற அடிமை ஒருவன், அரேபியாவைச் சுற்றி வரும்போது காற்றினால் அலைக்கழிக்கப்பட்டுப் பதினைந்தாம் நாள் இலங்கையின் ‘ஹிப்புரி’ என்னும் துறையை அடைந்தான் என்று பிளினி எழுதியுள்ளான். கிரேக்கத்திலே ‘ஹிப்பொஸ்’ என்பது குதிரையாகும். அதனால் அத்துறை குதிரைமலையே என்று அறிஞர் சிலர் கொண்டனர். எகிப்தின் கீழைப் பாலைவனத்திலே, அதே அன்னியஸ் புளோகாமஸின் ஆளாகிய லைசாஸ் என்பவன் கி.பி. 6ஆம் ஆண்டிலே பொறித்த எழுத்துக்கள் கண்டறியப்பட்டுள்ளன. ஆகவே புளோகாமஸ் கற்பனை மாந்தனல்லன். ஆயினும் அவன் ஆள் வந்து சேர்ந்த துறை குதிரைமலை என்பது பெயரொப்புமையால் எழுந்த ஊகமே.

பெயரொப்புமை எத்துணை வலியது, எத்துணை மெலியது என்பதற்கு நம் இலக்கியத்திலேயே உதாரணம் உண்டு. புறநானூற்றிலே குதிரைமலைக்குரிய பிட்டங்கொற்றன் பாடப்படுகின்றான். பெயரொன்றாயிருத்தல் கண்டு, அவன் ஆண்டது ஈழத்துக் குதிரைமலையே எனக் கொள்வாரும் உளர். ஆனால் அவன் சேரனுக்குத் துணையாய் நின்ற தலைவன். அவன் மலை குறவர் வாழும் மலைநாடு. கடலோரச் செம்மண் முனைக்கு அப்பாட்டுக்கள் பொருந்தா. நம் பெருமைக்கு உதவுவது என்பதனாலேயே ஒரு சான்றை ஏற்றுக்கொள்வோமாயின், பிறர் அவ்வாறு செய்யும்போது அவரைக் குறை கூறும் உரிமையை இழந்துவிடுவோம்.

மாயர் தரும் பாடம்

வழிகாட்டியின் சொல் காலந்தோறும் திருத்தப்பட வேண்டியது என்பதற்கு மாயர் சரித்திரம் நல்ல எடுத்துக்காட்டு. 1562இல் யுகத்தானின் மானி என்னும் ஊரிலே, பாதிரியாராகிய தியேகோ தெ லந்தா மாயரின் ஏடுகளைத் தீக்கிரையாக்கினார். எஞ்சிய எழுத்துக்களைப் படிக்கவியலாத நாளிலே, மாயர் போரறியாத வானநூற் பூசாரிகள் என்றும், அவர் கல்வெட்டுக்கள் காலக்கணக்கே என்றும் அறிஞர் பலர் எழுதினர். வழிகாட்டிகளும் அவ்வாறே கூறினர். 1952இல் உருசியராகிய யூரி கினோரசோவ் அவ்வெழுத்தில் ஒலிக்குறிகள் உண்டென்று காட்டினார். 1960இல் தத்தியானா புரோஸ்கூரியாகோவ் அம்மையார், கல்வெட்டுக்களில் அரசரின் பிறப்பும் முடிசூட்டும் பொறிக்கப்பட்டுள்ளன என்று நிறுவினார். அதன்பின் மாயரும் ஏனையோர் போலப் போரிட்டும் மணஞ்செய்தும் அரசாண்ட மக்களே என்பது தெளிவாயிற்று. அவர்கள் அழிந்தொழிந்தனர் என்பதும் தவறு. மெக்சிக்கோவிலும் குவாத்தமாலாவிலும் மாய மொழிகளைப் பேசும் மக்கள் பல இலட்சம்பேர் இன்றும் வாழ்கின்றனர்.

பொம்பரிப்பைப் பற்றி இன்று கூறுவதும் இவ்வாறே நாளை திருத்தப்படலாம். தாழிகளிற் பெரும்பாலன இன்னும் மண்ணுள்ளேயே இருக்கின்றன. ஆகவே அவற்றைக் காத்து வைத்தலே இத்தலைமுறையின் முதற்கடமையாகும்.

காண்போர் கடமை

1940ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தொல்பொருட் கட்டளைச் சட்டம், அனுமதியின்றிப் பழம்பொருளைத் தோண்டுவதையும் சிதைப்பதையும் குற்றமாக்கியுள்ளது. சட்டத்தினும் வலிய காரணம் ஒன்று உண்டு. தாழியொன்றின் அடியிலே கிடந்த மணி, எவர் எலும்போடு, எக்கலத்தின் அருகே, எவ்வாழத்தில் இருந்தது என்பதனாலேயே பொருள் பெறுகின்றது. அதே மணியை எடுத்துச் சட்டைப் பையிலிட்டால் அது வெறும் மணி. ஏட்டிலிருந்து கிழித்தெடுத்த எழுத்தொன்றைப் போல அழகாயிருக்கும், எதையும் கூறாது. புதையல் தேடித் தோண்டுவோர் பொன்னைக் காணாது கலத்தை உடைத்துச் செல்கின்றனர். உடைந்த தாழி ஒவ்வொன்றும் எவரும் ஒருபோதும் படிக்கவியலாது போன ஏடாகும். ஓட்டுத் துண்டொன்றையும் நினைவுப் பொருளாக எடுத்து வராமை மாணவர் கைக்கொள்ள வேண்டிய முதல் விதி.

இரண்டாவது விதி குறிப்பேட்டைப் பற்றியது. அழைத்துச் செல்லும் ஆசிரியர், ஏட்டின் பக்கத்தை மூன்று பத்தியாகப் பிரிக்கச் செய்தல் நன்று. முதற் பத்தியிலே ‘கண்டது’, இரண்டாவதிலே ‘கருதியது’, மூன்றாவதிலே ‘கேட்டது’. செம்மண், கருஞ்செந்நிற ஓடு, குளம், வயல், ஆறு என்பன முதற் பத்தியிற் சேரும். எலும்பைத் திரட்டித் தாழியிலிட்டனர் என்பதும், ஆதிச்சநல்லூரோடு தொடர்பிருந்தது என்பதும் இரண்டாவதிற் சேரும். அங்கே எக்காரணத்தாற் கருதப்பட்டது என்பதையும் எழுதவேண்டும். குவேனியும் அல்லியும் மூன்றாவதிற் சேர்வர். மாலையிலே வண்டி திரும்பும்போது, ஒரு பத்தியிலிருந்தது மற்றொரு பத்திக்குத் தாவியிருக்கின்றதா என்று மாணவர் தம்முள் ஒருவர் ஏட்டை ஒருவர் பார்ப்பாராயின், ஒரு தவணைக்காலச் சரித்திர பாடத்தினும் அது மிக்க பயன் தரும்.

மூன்றாவது விதி புதைகாட்டுக்குரிய அடக்கம். அது பொருட்காட்சிச் சாலையன்று; மக்கள் தம் இறந்தோரை மதிப்போடு இட்ட இடம். அவர்தம் பெயர் அழிந்தது, மொழியையும் அறியோம். ஆயினும் எலும்பைத் திரட்டிக் கழுவிக் கலத்திலிட்டு, அருகே மைக்கோலும் மணியும் வைத்த கைகளின் பரிவு எஞ்சியுள்ளது. அப்பரிவை உணர்ந்து, இவர்கள் எவர் என்னும் வினாவை விடையென மயங்காமல் வினாவாகவே வீட்டுக்குக் கொண்டு திரும்புவோரே பொம்பரிப்பை உண்மையாகக் கண்டவராவர்.